நள்ளிரவுப் பூசை, குடில், கேரல், லாட்டரி: திருவனந்தபுரம் கிறிஸ்துமஸில் ஸ்பெயின் எங்கே இருக்கிறது?

டெக்னோபார்க்கில் ஸ்பெயின் அல்லது மெக்சிகோ கிளையன்ட்டுக்கு வேலை பார்ப்பவர்களுக்கு ஒரு விஷயம் பழகிப்போயிருக்கும். டிசம்பர் மூன்றாவது வாரத்துக்குப் பிறகு மெயில் அனுப்பினால், தானியங்கிப் பதில் மட்டும்தான் வரும். ஜனவரி 1 முடிந்து, 2 முடிந்து, நாம் எல்லோரும் வேலைக்குத் திரும்பிய பிறகும் அங்கே ஆள் இருக்க மாட்டார்கள். ஜனவரி 7ஆம் தேதிதான் மெதுவா ஒரு பதில் வரும்.

ஸ்பானிய மொழி பேசுகிறவர்களுக்குக் கிறிஸ்துமஸ் ஒரு நாள் பண்டிகை இல்லை. ஸ்பெயினில் டிசம்பர் 22ஆம் தேதி லாட்டரிக் குலுக்கலோடு ஆரம்பித்து, ஜனவரி 6ஆம் தேதி மூன்று ராஜாக்கள் திருநாளோடு முடியும். மெக்சிகோவில் டிசம்பர் 12, குவாதலூப்பே மாதா திருநாளிலேயே தொடங்கிவிடும். அங்கிருந்து ராஜாக்கள் திருநாள் வரை நிற்காமல் ஓடும் விருந்துகளை 'குவாதலூப்பே - ரேயெஸ் மாரத்தான்' என்று அவர்களே கிண்டலாகச் சொல்வார்கள்.

திருவனந்தபுரமும் சளைத்ததில்லை. டிசம்பர் 1 ஆனதும் வீட்டு வாசலில் நட்சத்திரம் ஏறும். நள்ளிரவில் பூசை, முற்றத்தில் குடில், தெருவில் கேரல், கடையில் கிறிஸ்துமஸ் பம்பர் லாட்டரி. பட்டியலைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் மாட்ரிட்டும் இதுவும் அண்ணன் தம்பி மாதிரி இருக்கும். ஆனால் இதில் உண்மையிலேயே ஸ்பெயின் பக்கமிருந்து வந்தது எது, பார்க்க மட்டும் ஒரே மாதிரி இருப்பது எது? சுருக்கமான பதில்: பூசைக்கும் குடிலுக்கும் அந்த உறவு உண்டு, கேரலுக்கும் கேக்குக்கும் கிடையாது, லாட்டரி தற்செயல். கொஞ்சம் விரிவாகப் பார்க்கலாம்.

போர்ச்சுகல் கப்பலில் வந்த ஸ்பெயின்காரர்

இந்தியாவில் ஸ்பெயின் ஆட்சி நடந்ததே இல்லை. அதற்குக் காரணம் ஒரு ஒப்பந்தம். 1494இல் தோர்தேசியாஸ் என்ற ஊரில் ஸ்பெயினும் போர்ச்சுகலும் உட்கார்ந்து, ஐரோப்பாவுக்கு வெளியே உள்ள உலகத்தைக் கடலில் ஒரு கோடு போட்டுப் பிரித்துக்கொண்டன. கோட்டுக்கு மேற்கே இருந்த அமெரிக்க நிலத்தின் பெரும்பகுதி ஸ்பெயினுக்கு. கிழக்கே ஆப்பிரிக்காவும் இந்தியாவும் போர்ச்சுகலுக்கு. (அங்கே வாழ்ந்த யாரையும் கேட்கவில்லை என்பதைச் சொல்லவே வேண்டாம்.) அதனால்தான் மெக்சிகோவுக்கு ஸ்பானிய கிறிஸ்துமஸ் போனது, நமக்குப் போர்ச்சுகீசிய கிறிஸ்துமஸ் வந்தது.

ஆனால் ஆட்கள் கோட்டைத் தாண்டி வந்தார்கள். அதில் முக்கியமானவர் பிரான்சிஸ் சேவியர், நம்ம ஊர் வழக்கில் சவேரியார். 1506இல் இன்றைய வட ஸ்பெயினில் உள்ள நவார்ரா பகுதியில், சேவியர் கோட்டையில் பிறந்தவர். போர்ச்சுகல் மன்னரின் ஆதரவில் 1542 மே மாதம் கோவா வந்து இறங்கினார். முதலில் போனது முத்துக்குளித்துறைக்கு. அங்கே உள்ளூர் ஆட்களை வைத்து ஜெபங்களைத் தமிழில் பெயர்த்து எழுதி, மனப்பாடம் பண்ணி, கையில் மணியடித்துக்கொண்டு தெருத்தெருவாகப் போய்ப் பிள்ளைகளைக் கூட்டிச் சொல்லிக் கொடுத்தார்.

1544 கடைசியில் அவர் திருவிதாங்கூர் கடற்கரைக்கு வந்தார். பூவாறிலிருந்து தெற்கே குமரி நோக்கிப் போகும் முக்குவர் ஊர்களில், ஒரே மாதத்தில் பத்தாயிரம் பேருக்கு மேல் ஞானஸ்நானம் கொடுத்ததாக 1545 ஜனவரியில் கொச்சியிலிருந்து எழுதிய கடிதத்தில் சொல்கிறார். ஒவ்வொரு ஊரிலும் அந்த ஊர் மொழியில் எழுதிய ஜெபப் பிரதி ஒன்றை விட்டுப் போனதாகவும் அதில் இருக்கிறது. இன்று திருவனந்தபுரம் லத்தீன் கத்தோலிக்கக் கடற்கரை என்று சொல்லப்படும் நீண்ட பட்டையின் தொடக்கத்தில் அந்த ஒரு மாதம் இருக்கிறது.

பெயர்களில் அது இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. விமான நிலையத்துக்குப் பக்கத்தில் உள்ள வெட்டுகாடு கோயிலின் பெயர் 'மாத்ரே தே தேவூஸ்'. போர்ச்சுகீசிய மொழியில் 'கடவுளின் தாய்' என்று பொருள். ஆட்டோக்காரரிடம் கேட்டால் அந்தப் பெயரையே சொல்வார், எந்த மொழி என்று யோசிக்காமல்.

இலங்கைத் தமிழ் நண்பர்கள் இருந்தால் இன்னொன்றையும் கவனித்திருப்பீர்கள். அவர்கள் கிறிஸ்துமஸை 'நத்தார்' என்பார்கள். கிறிஸ்துமஸ் தாத்தா 'நத்தார் பாப்பா'. அது போர்ச்சுகீசிய 'நத்தால்' என்ற சொல். ஸ்பானியத்தில் 'நவிதாத்'. இரண்டுமே லத்தீனில் பிறப்பைக் குறிக்கும் வேரிலிருந்து வந்தவை. 1497 கிறிஸ்துமஸ் சமயத்தில் கோழிக்கோட்டை நோக்கி வந்துகொண்டிருந்த வாஸ்கோ ட காமா, வழியில் பார்த்த ஆப்பிரிக்கக் கரைக்கு அதே பெயரை வைத்தார். பிறகு தமிழர்கள் கரும்பு வெட்டப் போன நேட்டால் அதுதான்.

சேவல் பூசையும் புல்க்கூடும்

டிசம்பர் 24 இரவை ஸ்பானியர்கள் 'நோச்சேபுவேனா', அதாவது நல்ல இரவு என்பார்கள். குடும்பம் மொத்தமும் கூடிச் சாப்பிடும் இரவு அது. சாப்பாடு முடிந்ததும் நள்ளிரவுப் பூசை. அதற்கு அவர்கள் வைத்த பெயர் 'மிசா தெல் காயோ', சேவல் பூசை. இயேசு பிறந்ததை முதலில் கூவிச் சொன்னது ஒரு சேவல் என்று ஒரு கதை. போர்ச்சுகலிலும் இதே பெயர்தான். மலையாளத்தில் இது 'பாதிரா குர்பானா', தமிழில் நள்ளிரவுத் திருப்பலி. சேவல் மட்டும் கடல் தாண்டி வரவில்லை. நேரமும் சடங்கும் வந்துவிட்டன.

நள்ளிரவில் குழந்தை இயேசுவின் உருவத்தை எடுத்துவந்து குடிலில் கிடத்துவது, வரிசையில் நின்று முத்தமிடுவது: பாளையம் புனித ஜோசப் பேராலயத்திலும் பூந்துறையிலும் பார்க்கிற இந்தக் காட்சியை, செவியாவிலோ லீமாவிலோ இருந்து வந்த ஒருவருக்கு யாரும் விளக்க வேண்டியிருக்காது. நள்ளிரவுப் பூசையும் குடிலும் ஸ்பெயினுக்கு மட்டுமே சொந்தமில்லை, கத்தோலிக்க உலகம் முழுக்க உண்டு. ஆனால் இந்தக் கரைக்கு அவை வந்த வழி ஐபீரிய வழி.

குடில் கதை கொஞ்சம் சுவாரஸ்யமானது. 1223இல் இத்தாலியின் கிரெச்சோ என்ற ஊரில் அசிசி பிரான்சிஸ், உண்மையான மாட்டையும் கழுதையையும் நிறுத்தி ஒரு தொழுவக் காட்சி அமைத்தார். அங்கிருந்து பிரான்சிஸ்கன் துறவிகள் அதை எங்கெல்லாம் போனார்களோ அங்கெல்லாம் கொண்டுபோனார்கள். ஸ்பெயினில் இதற்குப் பெயர் 'பெலேன்', பெத்லகேம். லத்தீன் அமெரிக்காவின் பல நாடுகளில் 'பெசெப்ரே' அல்லது 'நசிமியெந்தோ'. சும்மா மரியாள், சூசை, குழந்தை என்று நிறுத்த மாட்டார்கள். ரொட்டி சுடுகிறவர், துணி துவைக்கிறவர், ஆறு, பாலம், சந்தை என்று ஒரு ஊரையே கட்டுவார்கள். கட்டலோனியாவில் இன்னும் ஒரு படி மேலே போய், மூலையில் காற்சட்டையை இறக்கிக் குந்தியிருக்கும் ஒரு ஆளையும் வைப்பார்கள். பெயர் 'ககனேர்'. நிலத்துக்கு உரம் போடுகிறார், அதிர்ஷ்டம் என்பது விளக்கம். அரசியல்வாதிகள், கால்பந்து வீரர்கள் உருவத்திலும் இந்தப் பொம்மை விற்கும். அதில் இடம்பிடிப்பது ஒரு மாதிரி கௌரவம்.

கேரளத்தில் இதற்கு 'புல்க்கூடு' என்று பெயர். வைக்கோலும் காய்ந்த புல்லும் வேய்ந்த கொட்டகை. நெல்லை முளைக்கவிட்டுப் பச்சை வயல் காட்டுவது, கண்ணாடித் துண்டை வைத்துக் குளம் காட்டுவது எல்லாம் உள்ளூர் சேர்க்கை. இதைக் கட்டுவது பெரும்பாலும் வீட்டுப் பெரியவர்கள் கிடையாது, தெருப் பிள்ளைகள். பள்ளிகளிலும் கிளப்புகளிலும் புல்க்கூடு போட்டி நடக்கும். மலையாளிகளின் பொதுவான எந்தக் கொண்டாட்டத்தையும் போல இதிலும் ஜூரி உண்டு, தகராறும் உண்டு.

கேரல்: ஒரே மாதிரி இருக்கும், ஆனால் உறவில்லை

மெக்சிகோவில் டிசம்பர் 16 முதல் 24 வரை ஒன்பது இரவுகள் 'போசாதா' நடக்கும். போசாதா என்றால் சத்திரம். மரியாளும் சூசையும் தங்க இடம் தேடி அலைந்ததை நடித்துக்காட்டுவது. ஒரு கூட்டம் வெளியே நின்று கதவைத் தட்டி இடம் கேட்டுப் பாடும். உள்ளே இருப்பவர்கள் முடியாது என்று பாட்டிலேயே பதில் சொல்வார்கள். கடைசி வீட்டில் கதவு திறக்கும், விருந்து நடக்கும், பிள்ளைகள் 'பினியாட்டா'வை அடித்து உடைப்பார்கள். நம் உறியடிக்கு ஒன்றுவிட்ட தம்பி என்று சொல்லலாம். பழைய வடிவத்தில் அதற்கு ஏழு கூம்புகள். ஏழு தலையான பாவங்கள். மெக்சிகோ நகருக்குப் பக்கத்தில் உள்ள அகோல்மான் மடத்தில் 16ஆம் நூற்றாண்டின் கடைசியில் அகஸ்தீன் சபைத் துறவிகள் இதைத் தொடங்கினார்கள்.

புவேர்ட்டோ ரிக்கோவில் இன்னும் கலகலப்பு. 'பராந்தா' என்று பெயர். ராத்திரி தூங்கிக்கொண்டிருக்கிற நண்பர் வீட்டு வாசலில் சத்தமில்லாமல் கூடி, திடீரென்று கிதாரும் மேளமுமாக ஆரம்பிப்பார்கள். வீட்டுக்காரர் எழுந்து கதவைத் திறந்து சாப்பாடு போட வேண்டும். பிறகு அவரும் சேர்ந்துகொள்வார், அடுத்த வீட்டுக்குப் போவார்கள்.

இதைப் படித்ததும் திருவனந்தபுரம் கேரல் ஞாபகம் வருகிறதா? முகமூடி மாட்டி, சிவப்பு அங்கி போட்டு ஆடுகிற 'கிறிஸ்மஸ் அப்பூப்பன்', மேளம், கையில் நன்கொடைப் புத்தகம். (தெற்குத் திருவிதாங்கூரில் தாத்தாவை அப்பூப்பன் என்பார்கள். அதனால் சாண்டாவுக்கும் அதே உறவு.) ஆனால் இது வந்த வழி வேறு. ஆங்கிலேய மிஷனரிகள் வழி. 1806இல் லண்டன் மிஷனைச் சேர்ந்த ரிங்கல்தௌபே இன்றைய குமரி மாவட்டத்து மயிலாடியில் தொடங்கிய வேலை, மெல்ல வடக்கே நகர்ந்து திருவனந்தபுரம் வந்தது. பாளையத்தில் இன்றும் 'எல்.எம்.எஸ். காம்பவுண்ட்' என்று சொல்கிற இடம் அதன் மிச்சம். வீடு வீடாகப் போய்ப் பாடும் கேரல், மரம் அலங்கரிப்பது, வாழ்த்து அட்டை எல்லாம் இந்த வழியில் வந்தவை.

கேக்கும் அப்படித்தான். 1883இல் அஞ்சரக்கண்டி இலவங்கப்பட்டைத் தோட்டக்காரர் மர்டாக் பிரவுன், இங்கிலாந்திலிருந்து வந்த கேக் ஒன்றைக் காட்டி, தலச்சேரி மாம்பள்ளி பாப்புவிடம் இதே மாதிரி செய்ய முடியுமா என்று கேட்டார். பாப்பு பிஸ்கட் கடைக்காரர். பர்மாவில் தொழில் கற்றவர். உள்ளூர்ப் பழம், உள்ளூர்ச் சாராயம் போட்டுச் செய்துகொடுத்தார். மாம்பள்ளிக் குடும்பத்தின் கிளைகள் பிறகு கேரளம் முழுக்க பேக்கரி போட்டன. அதாவது பிளம் கேக்கில் ஸ்பெயினுக்கு ஒரு துண்டுகூடப் பங்கில்லை. ஸ்பெயினில் கிறிஸ்துமஸ் இனிப்பு என்றால் பாதாமும் தேனும் சேர்த்துச் செய்யும் 'துரோன்'. கிட்டத்தட்ட நம்ம கடலை மிட்டாயின் பணக்கார உறவு.

ஜனவரி 6 இங்கே ஏன் சத்தமில்லாமல் போகிறது?

ஸ்பெயினில் பிள்ளைகளுக்குப் பரிசு கொண்டுவருவது மரபுப்படி சாண்டா இல்லை, மூன்று ராஜாக்கள். ஜனவரி 5 மாலை ராஜாக்கள் ஊர்வலம் வரும், மிட்டாய் வீசுவார்கள். அலிகாந்தே பக்கத்து அல்கோய் ஊரில் இது 1866இலிருந்து நடக்கிறது. ராத்திரி பிள்ளைகள் வாசலில் ஷூவை வைத்துவிட்டு, ஒட்டகங்களுக்குத் தண்ணீரும் வைப்பார்கள். மறுநாள் வளைய வடிவ ரொட்டி ஒன்றை வெட்டுவார்கள், 'ரோஸ்கோன்'. உள்ளே ஒரு சின்ன உருவமும் ஒரு அவரை விதையும் ஒளிந்திருக்கும். உருவம் கிடைத்தவர் அன்றைக்கு ராஜா, விதை கிடைத்தவர் ரொட்டிக்குக் காசு கொடுக்க வேண்டும். மெக்சிகோவில் பொம்மை கிடைத்தவர் பிப்ரவரி 2 அன்று எல்லோருக்கும் 'தமாலே' வாங்கித்தர வேண்டும். கிளையன்ட் ஏன் ஜனவரி 7 வரை பதில் சொல்வதில்லை என்பது இப்போ புரிந்திருக்கும்.

கேரளத்தில் ராஜாக்கள் திருநாள் லத்தீன் கோயில்களில் உண்டு, தெருவுக்கு வரவில்லை. காரணம், இங்கே ஜனவரி 6 ஏற்கெனவே வேறொருவருக்குச் சொந்தம். போர்ச்சுகீசியர் வருவதற்குப் பல நூற்றாண்டு முன்பிருந்தே இங்கே சுரியானி கிறிஸ்தவர்கள் இருந்தார்கள். கீழைத் திருச்சபை மரபில் அந்த நாள் 'தனஹா', இயேசு ஞானஸ்நானம் பெற்ற நாள். இரிஞ்ஞாலக்குடா பக்கம் வாழைத்தண்டை நட்டு, அதில் விளக்குகளைக் குத்தி வைப்பார்கள். பெயரே 'பிண்டிப் பெருந்நாள்'. எறணாகுளம் மாவட்டம் பிறவத்தில் மட்டும் ராஜாக்களின் பெயரிலேயே பெரிய பள்ளி இருக்கிறது.

திருவனந்தபுரத்தில் சுரியானி மரபைப் பார்க்கணும் என்றால் பட்டம் போகலாம். 1930இல் மார் இவானியோஸ் தலைமையில் ரோமோடு இணைந்த சீரோ மலங்கரா சபையின் தலைமை அங்கேதான். டிசம்பர் 1 முதல் 25 நாள் நோன்பு: இறைச்சி இல்லை, மீன் இல்லை. கிறிஸ்துமஸ் இரவுப் பூசைக்கு நடுவில் முற்றத்தில் தீ மூட்டி, சுற்றி வந்து அதில் குந்திரிக்கம் போடுவார்கள். ஆட்டிடையர்கள் குளிர் காய்ந்த தீயின் நினைவு. குருத்தோலை ஞாயிறன்று மந்திரித்துக் கொடுத்த ஓலை, எட்டு மாதமாக வீட்டில் காய்ந்துகொண்டிருந்தது, இந்தத் தீயில்தான் போகும். காலையில் அப்பமும் இறைச்சியும். 25 நாள் கழித்துச் சாப்பிடுகிற அந்த அப்பத்துக்கு எந்த ஹோட்டல் புருன்ச்சும் ஈடில்லை என்று அவர்கள் சொல்வதை நம்பலாம்.

எல் கோர்தோவும் பம்பரும்

டிசம்பர் 22 காலை ஸ்பெயினில் தொலைக்காட்சியைப் போட்டால் பள்ளிப் பிள்ளைகள் எண்களைப் பாடிக்கொண்டிருப்பார்கள். மாட்ரிட் சான் இல்தெஃபோன்சோ பள்ளி மாணவர்கள். கிறிஸ்துமஸ் லாட்டரியின் முதல் பரிசுக்குப் பெயர் 'எல் கோர்தோ', குண்டன். 1812இல், நெப்போலியன் படையோடு போர் நடந்த காலத்தில் அரசுக்குக் காசு தேவைப்பட்டுக் காதிஸ் நகரில் ஆரம்பித்தது. ஒரே எண்ணைப் பல சீட்டுகளாக அச்சடிப்பார்கள். 20 யூரோ சீட்டுக்கு முதல் பரிசு 4 லட்சம் யூரோ. அதனால் ஒரு அலுவலகம், ஒரு தெரு, ஒரு டீக்கடை வாடிக்கையாளர்கள் என்று எல்லோரும் ஒரே எண்ணை வாங்குவார்கள். 2011இல் சொதேத்தோ என்ற சின்ன ஊரில் ஏறக்குறைய எல்லா வீட்டுக்கும் பரிசு விழுந்தது.

கேரள அரசு லாட்டரி 1967இல் தொடங்கியது; முதல் குலுக்கல் 1968 ஜனவரி 26. டிக்கெட் 1 ரூபாய், முதல் பரிசு 50,000. அங்கே மாதிரியே இங்கேயும் காரணம் கஜானா. 2023-24 கிறிஸ்துமஸ் - புத்தாண்டு பம்பருக்கு டிக்கெட் 400 ரூபாய், முதல் பரிசு 20 கோடி. அந்தச் சீட்டு விற்றது திருவனந்தபுரத்தில், விழுந்தது புதுச்சேரிக்காரர் ஒருவருக்கு. தமிழ்நாட்டில் 2003 முதல் லாட்டரி விற்பனைக்குத் தடை. அதனால் ஊருக்கு வரும் தமிழர்கள் கிழக்கேகோட்டையில் சீட்டு வாங்குவதைப் பார்க்கலாம். குலுக்கல் நடக்கும் கார்க்கி பவன் இருப்பது பேக்கரி ஜங்ஷனில். யாரும் யாரிடமிருந்தும் காப்பியடிக்கவில்லை. வருடக் கடைசியில் கையில் போனஸோடு இருக்கிற மனிதனைப் பார்த்தால், எந்த அரசுக்கும் தோன்றுகிற யோசனைதான்.

அந்தக் கரை இப்போது எப்படி இருக்கிறது?

ஸ்பெயினோடு உண்மையான உறவுள்ள கிறிஸ்துமஸ், அந்த நள்ளிரவுப் பூசையும் புல்க்கூடும், அதிகம் இருப்பது கடற்கரையில். தெற்கே அது மாநில எல்லையோடு நிற்பதில்லை. குமரி மாவட்டத்தின் நீரோடி, மார்த்தாண்டன்துறை, வள்ளவிளை, சின்னத்துறை, தூத்தூர் முதலிய தமிழ்நாட்டு ஊர்கள் இன்றும் திருவனந்தபுரம் லத்தீன் உயர்மறைமாவட்டத்தைச் சேர்ந்தவை. அதன் பேராயராக 2022 வரை நீண்ட காலம் இருந்த சூசை பாக்கியம் மார்த்தாண்டன்துறைக்காரர், தமிழர்.

2017 நவம்பர் கடைசியில் ஒக்கி புயல் வந்தபோது இந்தக் கோடு முழுக்க ஒரே வீடு மாதிரி ஆனது. பூந்துறை, விழிஞம், தூத்தூர், வள்ளவிளை என்று எல்லா ஊரிலும் ஆழ்கடலுக்குப் போனவர்கள் திரும்பவில்லை. கிறிஸ்துமஸ் வந்தபோதும் பல வீடுகளில் உயிரோடு இருக்கிறாரா என்றே தெரியாது. இடம் தேடி அலைகிற குடும்பத்தின் கதையைக் கேட்கிற பூசை, அந்த வருடம் கதவைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தவர்களுக்கு நடந்தது.

வீடு போவதும் இங்கே வெறும் கதை இல்லை. வலியதுறை, சங்குமுகம் பக்கம் கடல் வரிசை வரிசையாக வீடுகளைத் தின்றுவிட்டது. குடும்பங்கள் வலியதுறையில் பழைய சிமென்ட் கிடங்கில் தட்டி மறைத்துக்கொண்டு வருடக்கணக்கில் கிறிஸ்துமஸ் கொண்டாடின. விழிஞம் துறைமுகத்தின் அலைத்தடுப்புச் சுவர்தான் அரிப்பைக் கூட்டியது என்பது மீனவர்கள் வாதம். அரசும் துறைமுக நிறுவனமும் அதை ஏற்கவில்லை. புயல்களும் பருவநிலை மாற்றமும் காரணம் என்கின்றன. 2022 ஆகஸ்டில் மறைமாவட்டத்தின் தலைமையில் துறைமுக வாசலில் தொடங்கிய போராட்டம், கைகலப்பு, வழக்கு எல்லாம் தாண்டி டிசம்பர் 6 அன்று நிறுத்தப்பட்டது. கிறிஸ்துமஸுக்கு 19 நாள் இருந்தது. வீடிழந்தவர்களுக்கு மாத வாடகை 5,500 ரூபாய் தருவதாக அரசு சொன்னது. முட்டத்தறையில் அடுக்குமாடி வீடுகளும் கட்டிக் கொடுக்கப்பட்டன. அங்கிருந்து கடல் தெரியாது, வள்ளத்தைக் கண்ணெதிரில் வைத்துக்கொள்ள முடியாது என்பது அங்கே போனவர்களின் குறை.

2024 மார்ச்சில் வலியதுறைக் கடல்பாலம் இரண்டாக முறிந்தது. அதே வருடம் ஜூலையில் விழிஞத்துக்கு முதல் பெரிய சரக்குக் கப்பல் வந்தது. தண்ணீர்ப் பீரங்கி மரியாதை கொடுத்து வரவேற்றார்கள். கப்பலின் பெயர் 'சான் பெர்னாண்டோ'.